நாலு அங்குலக் குழாய்

குழாய் தேர்ந்தெடுக்கும்போது பெரும்பாலோர் இன்றைக்கு என்ன தேவை என்றுதான் பார்க்கிறார்கள், மேடம். அதுதான் தவறு. ஃபைபர் கேபிள் சுண்டுவிரல் கனம்கூட இருக்காது. அதற்கு எதற்கு இவ்வளவு பெரிய குழாய் என்று போகிற இடமெல்லாம் கேட்பார்கள். இருபத்தெட்டு வருடமாக நான் சொல்லும் பதில் ஒன்றுதான். கேபிளைப் பத்து வருடத்தில் மாற்றிவிடுவீர்கள், குழாயை உங்கள் பிள்ளைகள்கூட மாற்றப் போவதில்லை. தரையைத் தோண்டுவது ஒரு தடவைதான், அதனால் தோண்டும்போதே தாராளமாகப் போட்டுவிட வேண்டும்.

நீங்கள் கேட்டது வேறு என்று தெரியும். அந்த இரண்டு ரப்பர் மூடிகளையும் பிளாஸ்டிக் பையில் போட்டு மேசைமேல் வைத்துக்கொண்டு, "இதுல தேதிய ஏன் எழுதினீங்க?" என்று காலையிலிருந்து மூன்று தடவை கேட்டுவிட்டீர்கள். வேறு எதையும் கேட்கவில்லை. வேலை தெரிந்தவர் கேட்கிற கேள்வி அது. பதில் சொல்ல வேண்டுமானால் நான் கொஞ்சம் பின்னாலிருந்து வர வேண்டியிருக்கும். உங்களுக்கு அவசரம் இல்லையென்றால் சொல்கிறேன். மின்விசிறியை மட்டும் ஒரு புள்ளி குறைக்கச் சொல்லுங்கள், எழுதுகிறவருடைய தாள் பறக்கிறது.

வேலையிடத்தில் என்னை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். மூடி என்பார்கள். மூடி வந்துட்டாரா, மூடி பார்த்துட்டாரா, இப்படி. கிண்டல்தான், ஆனால் மரியாதையான கிண்டல். குழாயின் இரண்டு முனையையும் மூடாமல் நான் வீட்டுக்குப் போனதில்லை. கேபிள் நாளைக் காலையிலேயே வரப்போகிறது என்றாலும் இன்றைக்கு மூடி போட்டே ஆக வேண்டும். புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு இது கிறுக்குத்தனமாகத் தெரியும். இந்தக் குழாயைக் கேபிளுக்காகத்தான் போட்டோம் என்பது நமக்குத் தெரியும், குழாய்க்குத் தெரியாது என்று அவர்களிடம் சொல்வேன். எது வந்தாலும் அது வழி விடும். எலி வரும், மழைத்தண்ணீர் வரும். எங்கேயோ சாக்கடையில் கிளம்பிய நாற்றம் நாலு தெரு தாண்டி ஓர் ஆபீஸின் நடுக்கூடத்தில் போய் நின்றதை நானே பார்த்திருக்கிறேன். அங்கே இருந்தவர்கள் ஒருவரையொருவர் சந்தேகமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மூடி போட்ட கையோடு வெள்ளை மார்க்கரால் அதன் முகத்தில் குழாயின் எண்ணையும் அன்றைய தேதியையும் எழுதுவேன். யாரும் எழுதச் சொன்னதில்லை. அதுதான் ரிஜிஸ்டரில் இருக்கிறதே என்பார்கள். ரிஜிஸ்டரில் யார் வேண்டுமானாலும் எதை வேண்டுமானாலும் எழுதலாம். மூடியில் எழுதுவது மூடிய கையே எழுதுவது. அதில் பொய் வரக் கூடாது.

இன்னொரு பழக்கமும் உண்டு, அது எங்கள் ஆட்கள் எல்லோருக்கும் உள்ளது. குழாயைப் புதைத்து முடித்ததும், கேபிளை இழுக்கிற கயிறு விடுவதற்கு முன்னால், ஒருவர் இந்த முனையில் வாயை வைத்து "கேக்குதா?" என்று கூப்பிடுவார். அந்த முனையில் இருப்பவர் "கேக்குது" என்று சொல்ல வேண்டும். குழாய் நசுங்கவில்லை, மண் அடைக்கவில்லை என்பதற்கு அதுதான் முதல் சோதனை. இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் எங்களால் இருக்க முடியாது. கை காய்த்துப்போகிற மாதிரி வாயும் காய்த்துப்போயிருக்கும்.

என் தங்கை முதன்முதலாக அப்படிக் கூப்பிட்டபோது அவளுக்கு எட்டு வயது. அம்மாவும் அப்பாவும் ஒரே வருடத்தில் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். எனக்கு இருபத்து நாலு, வேலைக்குச் சேர்ந்து நாலு மாதம்கூட ஆகவில்லை. பள்ளிக்கூடம் இல்லாத நாளில் அவளை எங்கே விடுவது? கூடவே அழைத்துப் போவேன். சுருட்டி வைத்திருக்கும் குழாய்மேல் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். ஒருநாள் நான் அந்த முனையில் குனிந்திருந்தபோது, குழாய்க்குள்ளிருந்து அவள் குரல் வந்தது. "அண்ணா, கேக்குதா?" அறுபது மீட்டர் தூரம். காதுக்குள் உட்கார்ந்து பேசுகிற மாதிரி இருந்தது. "கேக்குதும்மா" என்றேன். அந்தப் பக்கம் ஒரே சிரிப்பு. அன்றைக்கு ஐம்பது தடவையாவது கூப்பிட்டிருப்பாள். ஐம்பது தடவையும் பதில் சொன்னேன்.

அவளை நான்தான் வளர்த்தேன் என்பதைச் சொல்லிக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. கயிறு பின்னுகிறவனுக்குச் சடை பின்னுவது பெரிய வேலையா? பத்தாவது வரை நான்தான் பின்னிவிட்டேன், அதற்குப் பிறகு முடியை வெட்டிக்கொண்டாள். படித்து, கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிற வேலைக்குப் போனாள். நல்ல வரன்கள் வந்தன. நான் ஒவ்வொன்றையும் கண்ணும் கருத்துமாகப் பார்த்தேன். ஒருவருக்குச் சிரித்தால் ஈறு தெரிந்தது. ஒருவர் வீட்டில் நாய் இருந்தது. ஒருவர் எல்லா விதத்திலும் நன்றாகவே இருந்தார், எனக்கு அதுவே சந்தேகமாகப் போய்விட்டது. இப்படியே அவளுக்கு முப்பத்து மூன்று வயதாகிவிட்டது. அவசரப்பட்டு ஓர் இடத்தில் தள்ளிவிடுவதற்கு அவள் என்ன பாரமா?

மாப்பிள்ளையை அவளே பார்த்துக்கொண்டாள். அவர் அந்தக் கடைக்குக் கண்ணாடி மாற்ற வந்தவர். ஃபைபர் இழைகளை ஒட்டுகிறவர் அவர். முடியைவிட மெல்லிசான கண்ணாடி இழை, இரண்டு முனையையும் நேருக்கு நேர் வைத்து மெஷினில் சூடாக்கி ஒட்ட வேண்டும். நாளெல்லாம் குனிந்து அதையே பார்த்தால் கண் என்னத்துக்கு ஆகும். வாசலில் நின்றுகொண்டு இவரைத்தான் கல்யாணம் பண்ணிக்கப் போறேண்ணா என்றாள். கேட்கவில்லை, சொன்னாள். சரி என்றேன்.

நல்ல மனிதர். இதையும் எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள். குடிக்க மாட்டார், குரலை உயர்த்த மாட்டார், வேலை செய்யும்போது ஏதாவது பாட்டை முனகிக்கொண்டே இருப்பார். என்னை மூடி மச்சான் என்பார், எனக்குக் கோபம் வராது. மாடியில் எங்களோடேயே இருக்கிறேன் என்று ஒப்புக்கொண்டார். அந்த மாடியை அவளுக்காகத்தான் கட்டியிருந்தேன். கட்டும்போதே அவள் அறைச் சுவரிலிருந்து கீழே என் கட்டில் தலைமாட்டுக்கு ஒரு குழாய் போட்டு வைத்திருந்தேன். பின்னால் ஏதாவது ஒயர் விட வேண்டி வரலாம் இல்லையா? குழாயின் வாய் தெரியாமலிருக்க மேலே ஒரு ஸ்க்ரூ வைத்த பிளேட், கீழே ஒரு பிளேட், இரண்டும் சுவரோடு சுவராக இருக்கும். அதற்கு மட்டும் நான் மூடி போடவில்லை. வீட்டுக்குள் இருக்கிற குழாய்தானே என்று விட்டுவிட்டேன்.

ஒட்டுக்கேட்டேன் என்று எழுத வேண்டாம், மேடம். நான் என் வீட்டில், என் கட்டிலில் படுத்திருந்தேன். கீழேயிருந்த பிளேட்டைக் கழற்றியது நான்தான், அது சுவர் ஈரம் காய்வதற்காக. சாயங்காலம் ஏழு மணிக்கு அவர்கள் இரண்டு பேரும் வேலையிலிருந்து வந்துவிடுவார்கள். கடையில் யார் எந்த எழுத்தைத் தப்பாகப் படித்தார்கள் என்று அவள் சொல்லுவாள், அவர் சிரிப்பார். எனக்கும் சிரிப்பு வரும். மூன்று பேரும் சேர்ந்து உட்கார்ந்து பேசுகிற மாதிரிதான் இருக்கும். மூன்று வருடம் அப்படிப் போனது.

போன மாதம் ஒருநாள் அவருடைய மாற்றல் பற்றிப் பேச்சு வந்தது. வேறு ஊர். பெரிய பதவி, கம்பெனியே வீடு தருகிறதாம். பதினாலாம் தேதி அங்கே போய்ச் சேர வேண்டும்.

"மச்சான்கிட்ட எப்படிச் சொல்றது?" என்று அவர் கேட்டார்.

"நான் சொல்லிக்கறேன். நீங்க சொன்னா முகம் மாறிடும். அப்புறம் ஒரு வாரம் சாப்பிட மாட்டார்."

"பாவம், தனியா என்ன பண்ணுவார். கூடவே கூட்டிட்டுப் போயிடலாமா?"

அவள் மெதுவாகச் சொன்னாள். "வேணாங்க. உங்களுக்குப் புண்ணியமாப் போகும், அது மட்டும் வேணாம். எனக்கு இந்த வீட்ல மூச்சு முட்டுது."

நான் எழுந்து உட்கார்ந்தேன். என் தங்கை அப்படிப் பேசுகிறவளே இல்லை. எட்டு வயதிலிருந்து அவள் பேசிய ஒவ்வொரு வார்த்தையும் எனக்குத் தெரியும், இது அதில் இல்லை. மூன்று வருடமாக ஒருவர் பக்கத்திலேயே இருந்து கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றினால்தான் ஒரு பெண் வாயில் இப்படி ஒரு பேச்சு வரும். அவர் கூட்டிப் போகலாமா என்று கேட்டதெல்லாம் நல்ல பேர் வாங்கும் வழி. வேண்டாம் என்றுதான் அவள் சொல்லுவாள் என்று தெரிந்து கேட்டிருக்கிறார். எனக்கு அது அப்போதே புரிந்துவிட்டது.

இருந்தாலும் மூச்சு முட்டுகிறது என்று அவள் சொன்னதை அப்படியே விட முடியுமா? இரண்டாம் நாள் மாடிக்குப் போய் அவள் அறையில் காற்றை வெளியே தள்ளுகிற விசிறி ஒன்று மாட்டிக் கொடுத்தேன். "எதுக்குண்ணா இப்ப இது?" என்றாள். "புழுக்கமா இருக்குமேன்னுதாம்மா" என்றேன். என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

அந்த வாரம்தான் மாப்பிள்ளை எனக்கு அந்தக் கட்டட வேலையை வாங்கிக் கொடுத்தார். நாலு மாடி ஆபீஸ், நீங்கள் பார்த்ததுதான். தரைக்குக் கீழே நெட்வொர்க் அறை, அவர் பொறுப்பில் இருப்பது. தெருவிலிருந்து வருகிற பழைய கேபிள் எல்லாவற்றையும் மாற்றி, புதுக் குழாய், புது ஃபைபர். "எங்க மச்சான் மாதிரி குழாய் போட ஆளே கிடையாது" என்று அவரே மேலிடத்தில் பேசியிருக்கிறார். தெருப் பக்கம் நாலு குழாய், அதில் எந்தப் பிரச்சினையும் இல்லை. ஐந்தாவது ஒன்று தேவைப்பட்டது. பின் முற்றத்தில் ஜெனரேட்டர் கொட்டகை இருக்கிறது. ஜெனரேட்டர் ஓடுகிறதா நிற்கிறதா என்று நெட்வொர்க் அறையில் ஒரு விளக்கு எரிய வேண்டும், அதற்கு ஒரே ஓர் ஒயர். பதினாலு மீட்டர். பென்சில் கனத்துக் குழாய் போதும்.

நான் நாலு அங்குலம் போட்டேன். உள்பக்கம் வழவழப்பாக இருக்கிற ரகம், நெளிவு வைத்த ரகம் இல்லை. நெளிவு இருந்தால் உள்ளே போகிறது தடுக்கித் தடுக்கிப் போகும். வளைவு ஒன்றே ஒன்று, அதுவும் அகலமான வளைவு. பார்க்கவே அழகான வேலை. மாப்பிள்ளை வந்து எட்டிப் பார்த்துவிட்டு, "என்ன மச்சான், எறும்பு போறதுக்கு யானை போற வழியா?" என்றார். "நாளைக்குத் தேவைப்படும் மாப்ளே" என்றேன். வாயெல்லாம் பல்லாக நின்றார். சோதனைக்கு அவர் உள்ளே போய் நின்றுகொண்டார், நான் கொட்டகையில். "மச்சான், கேக்குதா?" என்றார். நன்றாகக் கேட்டது. "கேக்குது மாப்ளே" என்றேன்.

எழுதுகிறவர் நிறுத்திவிட்டாரே. எழுதுங்கள், பரவாயில்லை.

வேலை வியாழக்கிழமை முடிந்தது. நாலு குழாய்க்கும் எட்டு மூடி, எல்லாவற்றிலும் வியாழக்கிழமைத் தேதி இருக்கும், பார்த்திருப்பீர்கள். ஐந்தாவதற்குக் கொட்டகைப் பக்கம் ஒரு பழைய மூடியை ஒப்புக்குச் செருகி வைத்தேன். அறைப் பக்கம் போடவில்லை. ரிஜிஸ்டரில் எல்லாம் மூடியாயிற்று என்று எழுதினேன். ரிஜிஸ்டரைப் பற்றி ஏற்கெனவே சொல்லிவிட்டேன். மாப்பிள்ளை கூர்மையான ஆள், உடனே கவனித்துவிட்டார். "மச்சான், இந்தப் பக்கம் மூடி காணோமே?" என்றார். "ஞாயித்துக்கிழமை வேலைய முடிங்க, ஒயர விட்டுட்டு அப்புறம் மூடிக்கலாம்" என்றேன். "மூடி மச்சானே மூடாம விடறாரா, இன்னிக்கு மழைதான்" என்று சிரித்துக்கொண்டே போனார். வேறு யார் சொல்லியிருந்தாலும் அவரே ஒரு துணியையாவது செருகியிருப்பார். நான் சொன்னதால் விட்டுவிட்டார். என்மேல் அவருக்கு அவ்வளவு நம்பிக்கை.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டிலிருந்து ஒரு மணி வரைக்கும் மின்சார வேலைக்காகக் கட்டடம் முழுவதும் கரண்ட் நிறுத்தம், ஜெனரேட்டர்தான் ஓட வேண்டும். ஆபீஸில் யாரும் இருக்க மாட்டார்கள். அந்த நேரத்தில்தான் மாப்பிள்ளை தனியாக உட்கார்ந்து இருபத்து நாலு இழையையும் ஒட்டுவதாக ஏற்பாடு. தூசு வரக் கூடாது என்று அந்த அறைக் கதவு ரப்பர் வைத்து இறுக்கமாகச் சாத்திக்கொள்ளும். வெப்பத்தை வெளியே தள்ள ஒரு விசிறி ஓடிக்கொண்டே இருக்கும். ஓர் அறையிலிருந்து காற்று வெளியே போனால், அந்த இடத்துக்கு வேறு எங்கிருந்தாவது காற்று வந்தாக வேண்டும். இது படித்துத் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இல்லை.

ஜெனரேட்டரின் புகைக்குழாயில் வெடிப்பு இருந்தது. அதை நான் செய்யவில்லை. வாட்ச்மேன் ஒரு மாதமாகப் புலம்பிக்கொண்டிருந்தார். "ஓடவிட்டா கொட்டகைல நிக்க முடியல சார், தலை கிறுகிறுன்னு சுத்துது. நீங்களாவது உங்க மாப்பிள்ளைகிட்ட ஒரு வார்த்த சொல்லுங்க" என்றார். சொல்கிறேன் என்றேன். மறந்துவிட்டேன் என்று போன வாரம் உங்களிடம் சொன்னது சரியில்லை. மறக்கவில்லை.

சனிக்கிழமை மத்தியானம் கொட்டகைக்குப் போனேன். செருகியிருந்த மூடியை எடுத்தேன். உள்ளே மாப்பிள்ளை அடுத்த நாள் வேலைக்கு மேசையை ஒழுங்கு பண்ணிக்கொண்டிருந்தார் போலிருக்கிறது, அவர் முனகுகிற பாட்டு குழாய் வழியாக வந்தது. பல்லவி முழுவதும் கேட்டேன். பிறகு கொட்டகை ஜன்னலைச் சாத்தினேன். மழை வரும் போலிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை பன்னிரண்டு மணிக்கு அவருக்குச் சாப்பாடு கொண்டுபோவதாக இருந்தது என் தங்கைதான். அவள் அங்கே வரக் கூடாது. அந்தக் கதவை அவள் திறக்கக் கூடாது. இதைத்தான் நான் வாரம் முழுக்க யோசித்துக்கொண்டிருந்தேன், மற்றது எதுவும் எனக்குக் கஷ்டமாக இல்லை. "வெயில்ல நீ எதுக்கு அலையற, குடு, நான் போற வழிதான்" என்றேன். டப்பாவைத் துணிப்பையில் வைத்துக் கொடுத்தாள். அவளுக்காக நான் எவ்வளவு யோசித்திருக்கிறேன் என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

பன்னிரண்டே காலுக்குப் போய்ச் சேர்ந்தேன். ஜெனரேட்டர் ஓடிக்கொண்டிருந்தது. வாட்ச்மேன் முன் வாசலில் இருந்தார், நான் பின் கேட் வழியாகப் போனேன். படியிறங்கி அறை வாசல் வரை போனேன். கதவைத் தட்டவில்லை. தட்டினால் பதில் வர வேண்டும், வராவிட்டால் திறக்க வேண்டியிருக்கும். படியேறி வந்து முற்றத்துச் சுவர் நிழலில் உட்கார்ந்தேன். சாப்பாடு ஆறிக்கொண்டிருந்தது. அவள் சமைத்ததைக் கீழே கொட்ட எனக்கு மனசு வராது, அதனால் நானே சாப்பிட்டேன். என் சாப்பாட்டில் அவள் எப்போதும் உப்பைக் குறைத்துத்தான் போடுவாள், எனக்கு ரத்த அழுத்தம் என்று. அன்றைக்குச் சரியாக இருந்தது. முற்றத்துக் குழாயில் டப்பாவைக் கழுவி, துடைத்து, பையில் வைத்துக்கொண்டு கிளம்பினேன். சாப்பிட்ட பாத்திரத்தைக் கழுவாமல் வைக்கக் கூடாது என்று அவளுக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான்.

கரண்ட் வந்த பிறகு வாட்ச்மேன் அறைக்குப் போய்ப் பார்த்திருக்கிறார். மாப்பிள்ளை மேசைமேல் தலை சாய்த்துத் தூங்குகிற மாதிரி இருந்தாராம். ஆஸ்பத்திரியில் டாக்டரும் அதையே சொன்னார், வலி எதுவும் தெரிந்திருக்காது, தூக்கம் மாதிரிதான் என்று. எனக்கு அது ஆறுதலாக இருந்தது. அவர் கஷ்டப்பட வேண்டும் என்று நான் ஒருபோதும் நினைத்ததில்லை. என் தங்கை நடைபாதையில் சுவரோரமாக உட்கார்ந்துவிட்டாள். அழவில்லை. "அண்ணா, அவர் சாப்பிட்டாரா?" என்று மட்டும் கேட்டாள். "சாப்பிட்டாரும்மா. வயிறு நெறைய சாப்பிட்டார்" என்றேன். அந்த நேரத்தில் வேறு என்ன சொல்வது?

ஆமாம், மேடம். நான்தான் செய்தேன். இதற்கு முன்னால் சொன்ன எல்லாவற்றிலும் அது இருக்கிறது, ஆனாலும் தனி வரியாக வேண்டுமென்றால் எழுதிக்கொள்ளுங்கள். மாப்பிள்ளையைக் கொன்றது நான்.

இனி உங்கள் கேள்விக்கு வருகிறேன். நீங்கள் எல்லோரும் அதை விபத்து என்றுதான் எழுதினீர்கள். புகைக்குழாய் வெடிப்பு, மோசமான பராமரிப்பு. யாரும் குழாயைப் பார்க்கவில்லை. நான் பேசாமல் இருந்திருக்கலாம். ஆனால் திங்கட்கிழமை முழுவதும் எனக்கு ஒரு வேலையும் ஓடவில்லை. இரண்டு முனையும் திறந்த ஒரு குழாயை விட்டுவிட்டு வந்திருக்கிறேன். இருபத்தெட்டு வருடத்தில் அப்படி ஒன்று நடந்ததில்லை. எலி போகும், தண்ணீர் இறங்கும், அந்த அறையில் விலை உயர்ந்த மெஷின்கள் இருக்கின்றன. பார்க்கிறவர்கள் மூடி செய்த வேலையா இது என்று கேட்க மாட்டார்களா? செவ்வாய்க்கிழமை வாட்ச்மேனிடம் சாவி வாங்கிப் போய் இரண்டு பக்கமும் புது மூடி போட்டேன். நன்றாக இறுக்கினேன். மார்க்கரை எடுத்தேன். கை தானாக எழுதியது. ஐந்து, கீழே அன்றைய தேதி. வியாழக்கிழமைத் தேதியைப் போட்டிருந்தால் நீங்கள் இன்றைக்கு இங்கே உட்கார்ந்திருக்க மாட்டீர்கள், அது எனக்கும் தெரியும். எழுதி முடித்த பிறகு கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அழித்து மாற்ற மனசு ஒப்பவில்லை. செவ்வாய்க்கிழமை மூடியதில் வியாழக்கிழமை என்று எப்படி எழுதுவது?

உங்களை அங்கே அனுப்பி, மூடிகளைப் பாருங்கள் என்று சொன்னது என் தங்கை. அதையும் நீங்கள் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அவளுக்கு எப்படித் தெரிந்தது என்று நீங்கள் சொன்னது பாதிதான், மீதியை நான் சொல்கிறேன்.

ஒன்பதாம் நாள் மாப்பிள்ளையுடைய பையை ஆபீஸிலிருந்து கொண்டுவந்து கொடுத்தார்கள். அதில் ஒட்டுகிற மெஷின் இருந்தது. ஒவ்வோர் ஒட்டுக்கும் அது நேரத்தைப் பதிந்துவைக்கும் என்று எனக்குத் தெரியாது. நான் குழாய்க்காரன். அவளுக்குத் தெரியும், அவர் சொல்லிக் கொடுத்திருக்கிறார். பதினேழு இழை ஒட்டியிருக்கிறார். பதினேழாவது பத்து நாற்பத்தொன்றுக்கு. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை.

அன்று சாயங்காலம் கீழே இறங்கி வந்தாள். வாசற்படியில் நின்றாள், உள்ளே வரவில்லை.

"அன்னிக்கு அவர் சாப்பிட்டார்னு சொன்னீங்கல்லண்ணா. எத்தனை மணி இருக்கும்?"

"பன்னெண்டரை இருக்கும்மா."

"ஏதாவது சொன்னாரா?"

"உப்பு சரியா இருக்குன்னார்" என்றேன்.

தலையை மட்டும் ஆட்டிவிட்டு மாடிக்குப் போனாள். நான் கட்டிலில் வந்து படுத்தேன். மேலே அந்த விசிறி ஓடுகிற சத்தம் குழாய் வழியாக வந்துகொண்டிருந்தது, நான் மாட்டிக் கொடுத்தது. கொஞ்ச நேரத்தில் அது நின்றது. அவள் அதையே பார்த்துக்கொண்டு நின்றிருக்க வேண்டும். மூச்சு முட்டுகிறது என்று தன் புருஷனிடம் மட்டும் சொன்னது, இரண்டே நாளில் விசிறியாக வந்து சுவரில் ஏறியது எப்படி என்று யோசித்திருப்பாள். சின்ன வயதிலிருந்தே கணக்கில் கெட்டிக்காரி. மூடியில் நான் தேதி எழுதுவதையும் அப்போதிருந்தே பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவள். அப்புறம் சுவரில் ஏதோ சுரண்டுகிற சத்தம் கேட்டது. ஸ்க்ரூ திருகுகிற சத்தம். ஒன்று, இரண்டு. பிளேட் கழன்றதும் குழாய்க்குள் காற்று வந்ததை என் கன்னத்தில் உணர்ந்தேன்.

"அண்ணா, கேக்குதா?"

எட்டு வயதில் கூப்பிட்ட அதே குரல், மேடம். துளி மாறவில்லை. இருபத்தெட்டு வருடம் ஓடியதே தெரியவில்லை. எனக்குக் கண்ணெல்லாம் நிறைந்துவிட்டது.

"கேக்குதும்மா" என்றேன்.

சிரிப்பு வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. கொஞ்ச நேரம் அவள் மூச்சு மட்டும் கேட்டது, பிறகு அதுவும் இல்லை. துணியைத் திணித்து அடைத்துவிட்டாள், விரலால் தள்ளித் தள்ளி. மறுநாள் காலையில் நீங்கள் வந்துவிட்டீர்கள்.

துணி வைத்து அடைப்பது முறையே இல்லை, மேடம். கேட்டிருந்தால் நானே நல்ல மூடி ஒன்று கொடுத்திருப்பேன், கேட்காமல் விட்டாள். கோபத்தில் செய்தது, போகட்டும். துணி கொஞ்ச நாளில் உலர்ந்து சுருங்கிவிடும், குழாய் அப்படியேதான் இருக்கும். மாற்றலுக்கு இனி அவள் போக வேண்டியதில்லை, அந்த வீட்டில்தான் இருப்பாள். ஒருநாள் இல்லாவிட்டால் ஒருநாள் கூப்பிடுவாள். அப்போது பதில் சொல்ல அந்த முனையில் ஆள் இருக்க வேண்டும் இல்லையா, அதனால்தான் கேட்கிறேன். இதில் எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று காட்டுங்கள், போட்டுவிட்டு நான் வீட்டுக்குக் கிளம்புகிறேன்.